ஒற்றை வெள்ளை ஷூ

கதை முடிகிற வரைக்கும் யாரும் வாயைத் திறக்கக் கூடாது. பாதியிலேயே அம்மா கட்சி, அப்பா கட்சி என்று பிரிந்துவிடுவீர்கள். நீதிமன்ற வராந்தாவிலும் அதுதான் நடந்தது.

தூத்துக்குடியில் ஜெபசீலி என்று ஒரு நர்ஸ். அவள் புருஷன் ஆரோன், துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன். ஒத்துப்போகவில்லை, பிரிந்துவிட்டார்கள். யார்மேல் தப்பு என்று நாம் கிளற வேண்டாம். ஒரே மகள் ஷெரினுக்கு ஏழு வயது. வார நாளில் அம்மாவிடம், சனி ஞாயிறு அப்பாவிடம். நேருக்கு நேர் நின்றாலே இவர்களுக்குச் சண்டை வரும் என்பதால் நீதிபதி ஓர் ஏற்பாடு செய்தார். வெள்ளிக்கிழமை சாயங்காலம் பள்ளிக்கூடத்திலிருந்தே அப்பா பிள்ளையைக் கூட்டிப்போக வேண்டும், திங்கட்கிழமை காலையில் அங்கேயே கொண்டுவந்து விட வேண்டும். ஒருவர் முகத்தில் ஒருவர் முழிக்க வேண்டாம் பாருங்கள்.

அந்தப் பள்ளியில் திங்கட்கிழமை மட்டும் வெள்ளைச் சீருடை, வெள்ளை ஷூ. இல்லாவிட்டால் பி.டி. மாஸ்டர் கேட்டுக்குள் விடமாட்டார். அதனால் வெள்ளிக்கிழமை காலையில் மாற்றுத் துணியோடு வெள்ளை ஷூவையும் ஜெபசீலி பையில் வைத்து அனுப்புவாள். திங்கட்கிழமை விடிந்தால் ஆரோனிடமிருந்து போன் வரும். “ஒத்த ஷூதான் இருக்கு.”

இவள் வீட்டைக் குடைவாள். கட்டிலுக்கு அடியில், கேஸ் சிலிண்டருக்குப் பின்னால் என்று எங்காவது மற்றது கிடக்கும். அள்ளிக்கொண்டு ஓடுவாள். கேட் வாசலில் வெள்ளை சாக்ஸ் அழுக்காகாமல் ஆரோன் பிள்ளையைத் தூக்கி வைத்திருப்பான். ஷெரின் காலை நீட்டுவாள், ஜெபசீலி மாட்டிக் கயிறு கட்டிவிடுவாள். அந்த நேரத்திலும் இருவரும் பல்லைக் கடித்துக்கொண்டு சண்டைதான்.

“ரெண்டு ஷூ எடுத்து வைக்கத் தெரியாதா?”

“ரெண்டும்தான் வச்சேன்.”

ஒருமுறை இரண்டு ஷூவின் கயிற்றையும் சேர்த்து முடிச்சுப் போட்டே அனுப்பினாள். திங்கட்கிழமை அப்போதும் ஒற்றைதான். நைட் டியூட்டி பார்த்துப் பார்த்து மூளை கலங்கிவிட்டதோ என்று அவளுக்கு நிஜமாகவே பயம் வந்துவிட்டது. வகுப்பு டீச்சர் வேறு, “கிளாஸ்ல எல்லாப் பிள்ளைங்க ஷூ கயிறும் ஷெரின்தான் கட்டிவிடுதா” என்று மெச்சினார். அதைக் காதில் வாங்கும் நிலையில் அவள் இல்லை. இன்னொரு ஜோடி வாங்க ஆரோனுக்குக் கை இல்லையா? இருக்கிறது. அவன் வக்கீல்தான் வாங்காதே என்றுவிட்டார். வழக்குக்கு ஆகுமாம்.

வழக்கும் வந்தது. அவள் வேலை பார்த்த ஆஸ்பத்திரியை மூடிவிட்டார்கள். ஓசூரில் வேலை கிடைத்தது. பிள்ளையை அங்கே சேர்க்க டி.சி. வேண்டும். அப்பா சம்மதிக்காமல் தரமுடியாது என்றது பள்ளிக்கூடம். ஜெபசீலி நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். “ஒரு ஷூவைப் பாத்து வைக்கத் தெரியாதவ, தெரியாத ஊர்ல பிள்ளைய எப்படிப் பாப்பா?” என்று ஆரோன் நீதிமன்றத்திலேயே கேட்டான். ஜெபசீலிக்குப் பூமி பிளக்காதா என்று இருந்தது.

அதற்குள் அவள் இரண்டு வாக்குக் கொடுத்திருந்தாள். “அம்மா உன்ன விட்டுட்டு எங்கயும் போகமாட்டேன் தங்கம்” என்பது மகளிடம். பிள்ளை எந்தப் பள்ளியைக் கேட்கிறதோ அதற்கு மறுப்புச் சொல்லமாட்டேன் என்பது நீதிபதியிடம். பிள்ளை தன் பக்கம்தான் பேசும் என்ற நம்பிக்கை.

நீதிபதி ஷெரினைத் தனியே கூப்பிட்டு எந்தப் பள்ளி வேண்டும் என்று கேட்டார். “இதே ஸ்கூல்தான்.” அப்படியென்றால் அப்பாவோடு இருக்கிறாயா என்றார். “இல்ல, அம்மாகூட.” பிறகு அவளே ஒன்று கேட்டாள். “ஓசூர் ஸ்கூல்லயும் திங்கக்கிழம வெள்ள ஷூவா?” குழந்தைப் பேச்சு என்று சிரித்து, அதைப் பெற்றோரிடமும் சொல்லிவிட்டு, திங்கட்கிழமை உத்தரவு என்றார்.

ஓசூருக்குப் போனால் ஒரு வாக்குப் போகும். போகாவிட்டால் சோறு போகும். ஞாயிறு முழுக்க ஜெபசீலி அழுதாள். திங்கட்கிழமை காலையில் அதே போன். ஷூவோடு ஓடினாள். ஆரோன் பிள்ளையைத் தூக்கி வைத்திருந்தான். ஷெரின் காலை நீட்டினாள். கயிற்றை முடிச்சுப் போடும்போது ஜெபசீலியின் கை அப்படியே நின்றுவிட்டது.

இப்போது வாயைத் திறக்கலாம். அவள் கை ஏன் நின்றது? கவனமில்லாதவள் என்று மனைவியைச் சொன்ன ஆரோனா, பிள்ளையை ஓசூருக்குக் கொண்டுபோக நின்ற ஜெபசீலியா, முகத்தில் முழிக்க வேண்டாம் என்று ஏற்பாடு செய்த நீதிபதியா, இவர்களில் யார் செய்தது சரி?

விடை: மூவரும் இல்லை. ஊருக்கெல்லாம் கயிறு கட்டிவிடுகிறவளுக்கு ஒரு முடிச்சை அவிழ்க்கத் தெரியாதா? தன் கால் கயிற்றைத்தான் கட்டத் தெரியாதா? வெள்ளிக்கிழமைதோறும் ஒற்றை ஷூவை எடுத்து ஒளித்தது ஷெரின். அப்பா தூக்கி வைத்திருக்க, அம்மா கயிறு கட்ட, அந்த ஒரு நிமிஷம் அவளுக்கு வேண்டியிருந்தது. ஓசூரில் அது கிடைக்காது. ஜெபசீலி மனுவை வாபஸ் வாங்கினாள். இதைத் தியாகம் என்று யாராவது மெச்சினால் எனக்குக் கெட்ட கோபம் வரும். ஓசூர் வேலை போய்விட்டது, அடுத்த மாதம் அடுப்பு எப்படி எரியும் என்று அவளுக்கே தெரியாது. கேட் வாசலில் அவள் மகளை ஒன்றும் கேட்கவில்லை. ஆரோனைப் பார்த்து, “இனிமே ஒத்த ஷூதான் வச்சு அனுப்புவேன். நீ போன் பண்ணு” என்றாள். அவன் பிள்ளையின் முகத்தைப் பார்த்தான். மணி அடித்த பிறகும் கீழே இறக்கிவிடவில்லை.