காளாஞ்சி வந்த நேரம்

முன்னொரு காலத்தில், வாயில் வெற்றிலை இல்லாமல் எந்த வழக்குக்கும் தீர்ப்புச் சொல்லாத மன்னர் ஒருவர் இருந்தார்.

அவரிடம் அங்கம்மை என்ற பெண் முறையிட வந்தாள். அவளுடைய வெற்றிலைக் கொடிக்காலுக்குப் போகும் வாய்க்கால் தன்னுடையது என்று சொல்லி, மேட்டு நிலத்துக்காரர் அடைத்துவிட்டார். வாய்க்கால் யாருக்கு என்று விசாரித்து முடிக்க மாதங்கள் ஆகும். வெற்றிலைக் கொடி அதுவரை காத்திருக்குமா? அதன் வேர் ஆழம் போகாது. மேல்மண் காய்ந்தால் கொடியும் காய்ந்துவிடும். இடைக்கால உத்தரவு என்று ஒன்று இருப்பதே இதற்காகத்தான்.

"வாய்க்கால் யாருடையது என்பதைப் பிறகு பார்ப்போம். வழக்கு முடியும்வரை இவளுக்குத் தண்ணீர் போகட்டும்" என்றார் மன்னர்.

மதகைத் திறக்க வேண்டியவர் நீர் அதிகாரி சேனைராயர். மேட்டு நிலத்துக்காரர் அவருடைய மைத்துனர். மதகு எப்படித் திறக்கும்? கொடியெல்லாம் சருகான பிறகு, அடுத்த விசாரணைக்கு முதல் நாள் திறந்தது.

"சருகுக்குத் தண்ணி பாயுது மகாராசா! இனி எதைக் கிள்ளி வித்து எம் புள்ளைங்களுக்குச் சோறு போடுவேன்?" என்று சபையில் அழுதாள் அங்கம்மை.

"பிரபு, தண்ணீர் விடச் சொன்னீர்கள், விட்டாயிற்று. சற்றே தாமதம், அவ்வளவுதான். இதில் ஆணையை அவமதித்த குற்றம் எங்கே வந்தது?" என்றார் சேனைராயர்.

மன்னர் தலையாட்டினார். "தாமதமானாலும் நிறைவேறிவிட்டதே! குற்றமில்லை என்றுதான் தோன்றுகிறது. வெற்றிலை போட்டுக்கொண்டு தீர்ப்புச் சொல்கிறேன்."

அரண்மனை விகடன் இளங்கூத்தன் களுக்கென்று சிரித்துவிட்டான். அவனை மாட்டிவிட வெகுநாளாகக் காத்திருந்த சேனைராயர் துள்ளி எழுந்தார்.

"பிரபு, இதுவல்லவா அவமதிப்பு! தண்டனையாக இன்று இவனே காளாஞ்சி ஏந்தட்டும்."

காளாஞ்சி என்பது மன்னர் வெற்றிலைச் சாற்றைத் துப்பும் வெள்ளிக் கிண்ணம். முதலில் ஊறும் சாற்றை விழுங்கினால் தலை சுற்றும். துப்பித்தான் ஆக வேண்டும். வாய் நிறைந்திருக்கும்போது பேசவும் முடியாது. ஆகவே அந்தச் சபையில் மன்னர் விரலை நீட்டினாலே அது அரசாணை.

மன்னர் சம்மதித்து வெற்றிலையை மென்றார். வாய் நிறைந்ததும் காளாஞ்சிக்கு விரலை நீட்டினார். இளங்கூத்தன் கும்பிட்டான், நகரவில்லை. மறுபடி நீட்டினார். அவன் காளாஞ்சியைத் துண்டால் துடைத்தான், ஊதினான், தூண் தூணாகச் சுற்றி வந்தான். மன்னரின் கன்னங்கள் தவில்போல் உப்பின, விழி பிதுங்கியது.

"அடேய், சீக்கிரம் கொடுடா!" என்று கத்திக்கொண்டு ஓடிவந்தார் சேனைராயர். அவர் வாய் மூடுவதற்குள் மன்னரின் வாய் திறந்துவிட்டது. சேனைராயரின் வெண்பட்டும் வெண்தாடியும் ஒரே சிவப்பு!

அப்போதுதான் இளங்கூத்தன் பணிவோடு காளாஞ்சியை நீட்டினான். "ஆணை நிறைவேறியது, பிரபு."

"மடையா! துப்பிய பிறகு இது எதற்கு?"

"சற்றே தாமதம், பிரபு. அது குற்றமில்லை என்று சற்றுமுன் தங்களுக்கே தோன்றியதே! சேனைராயரைக் கேளுங்கள், அடியேனுடைய தாமதம் அவர் தாடியில்தான் வழிகிறது."

மன்னர் தாடியைப் பார்த்தார். அங்கம்மையைப் பார்த்தார். பிறகு சிவந்த பற்கள் தெரிய விழுந்து விழுந்து சிரித்தார்.

"நேரம் தப்பிச் செய்தது செய்ததாகாது. சேனைராயரே, குற்றம் உம்முடையதே! உமது செலவில் புதுக்கொடி நட்டுக் கொடும். அது தழைக்கும்வரை இவள் வீட்டு உலையில் உமது அரிசி வேகட்டும். இளங்கூத்தா, அந்த வெள்ளிக் காளாஞ்சி உனக்கே!"

"எப்போது தொடங்கட்டும், பிரபு?" என்று இழுத்தார் சேனைராயர்.

மன்னரின் வாயில் அதற்குள் அடுத்த வெற்றிலை. அவர் பேசவில்லை, விரலை மட்டும் நீட்டினார்.

தாடியைக்கூடத் துடைக்காமல் ஓடினார் சேனைராயர்.