கரிக்கல்லின் அகலம்

மலையுச்சியில் இருந்த வானாய்வகத்தில் இன்னாசி மெக்கானிக். வயது ஐம்பத்து மூன்று. பன்னிரண்டு ஆண்டுகளாக, வேலை முடிந்த பிறகு, அங்கே வானியலாளராக இருந்த ஜுலேகாவிடம் வானியல் படித்துவந்தார். ஜுலேகா அவரைவிட ஒன்பது வயது இளையவர். ஆனாலும் இன்னாசிக்கு அவர்தான் ஆசிரியர்.

அன்று மதியம் கதவைத் தட்டாமலே ஜுலேகாவின் அறைக்குள் வந்தார் இன்னாசி. குறிப்பேட்டை மேஜைமேல் வீசினார்.

"பாருங்க டீச்சர்!"

செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவே சுற்றும் ஒரு சிறுகோள், முந்தின வாரம் ஒரு நட்சத்திரத்தை மறைத்துக் கடந்தது. பதினொரு விநாடி மறைக்கும் என்றது சிறுகோள் அட்டவணை. இன்னாசி அளந்தது இருபத்திரண்டு. அது சரியென்றால், அட்டவணை சொல்லும் அகலத்தைவிட அந்தக் கல் இரண்டு மடங்கு அகலம்.

இன்னாசி அதை எழுதியிருந்த வரியை ஆய்வக இயக்குநர் சிவப்பு மையால் அடித்திருந்தார். பக்கத்தில் 'பணியாளர் தவறு' என்று ஒரு குறிப்பு.

"எல்லார் முன்னாலயும் சிரிக்கிறார். ஸ்பேனர் பிடிக்கிற கைக்குக் கடிகாரம் எதுக்குன்னு கேக்கிறார். உடம்பெல்லாம் எரியுது டீச்சர். எவ்வளவோ சொல்லிக் கொடுத்திருக்கீங்க. இந்தக் கோபத்தை எப்படி விடுறதுன்னும் சொல்லிக் கொடுங்க. இல்லேன்னா இன்னைக்கே வேலையை விட்டுடறேன்."

ஜுலேகா அந்தச் சிவப்புக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். தாடை இறுகியது.

"அந்தக் கல்லைச் சின்னதுன்னு ஏன் எழுதினாங்க?"

இன்னாசிக்கு இன்னும் எரிச்சல் வந்தது. "நான் என்ன கேக்கிறேன், நீங்க என்ன கேக்கிறீங்க?"

"சொல்லுங்க."

"மங்கலாத் தெரியுது. அதனால சின்னதுன்னுட்டாங்க. ஆனா அது கரி நிறைஞ்ச கல். நூறு பங்கு வெளிச்சம் விழுந்தா நாலு பங்குதான் திருப்பி அனுப்பும்."

"மிச்சம்?"

"உள்ள வாங்கிக்கும். சூடாகும்."

"அந்தச் சூட்டை அளக்க முடியாதா?"

"அகச்சிவப்புக் கருவி இருந்தா முடியும். நம்மளது ரெண்டு வருஷமாப் பழுதா..." இன்னாசி நிறுத்தினார்.

ஜுலேகா எழுந்து, அலமாரியிலிருந்து ஒரு சாவியை எடுத்து அவர் கையில் வைத்தார். கருவியறைச் சாவி.

பதினாறு நாள் இன்னாசி யாரிடமும் முகம்கொடுத்துப் பேசவில்லை. துருப்பிடித்த திருகுகளைப் பல்லைக் கடித்துக்கொண்டு கழற்றினார். கருவியைக் குளிர்விக்கும் குடுவையில் மயிரிழை அளவுக்கு ஒரு விரிசல். தேடிப் பிடித்து அடைத்தார். பதினேழாம் நாள் கருவி அந்தக் கல்லின் சூட்டை அளந்தது. இருவரும் தனித்தனியே கணக்குப் போட்டார்கள். ஒரே விடை. இரண்டு மடங்கு.

ஜுலேகா இரண்டு தாள்களையும் எடுத்துக்கொண்டு இயக்குநர் அறைக்குப் போனார். மூடிய கதவைத் தாண்டி அவர் குரல் தாழ்வாரம்வரை கேட்டது. இத்தனை ஆண்டில் அவர் அப்படிக் குரல் உயர்த்தி இன்னாசி கேட்டதே இல்லை.

மறுநாள், அடிக்கப்பட்ட வரி குறிப்பேட்டில் திரும்ப எழுதப்பட்டிருந்தது. பக்கத்தில் இன்னாசியின் பெயர். இயக்குநர் அவர் தோளைத் தட்டி, "மனசுல வெச்சுக்காதீங்க" என்றார்.

இன்னாசி நேரே ஜுலேகாவிடம் வந்தார்.

"எல்லாம் சரியாயிடுச்சு டீச்சர். கோபம் மட்டும் போகலை."

ஜுலேகா சிறுகோள் அட்டவணையை அவர் பக்கம் தள்ளினார்.

"நல்லது. சின்னதுன்னு எழுதின கல் இதுல இன்னும் நிறைய இருக்கு."