நீர்க்காகம் கேட்ட வெற்றிலை

அந்தக் காலத்தில் பறவையும் மனிதரும் ஒரே பேச்சுத்தான் பேசினார்கள். ஏரிக்கரைக்குக் கீழே ஒரு சின்ன ஊர். அதை ஆண்ட சேந்தனுக்கு அங்கே ஒரு மண்கோட்டை. ஏரி நிரம்பினால் அடியில் முங்கி மதகின் அடைப்பைப் பிடுங்கிவிடுவது நீர்க்காகத்தின் வேலை. அப்போது அதன் சிறகிலும் வாத்துக்கு இருப்பதுபோல எண்ணெய்ப் பசை இருந்தது. எத்தனை முறை முங்கினாலும் ஒரு சொட்டுத் தண்ணீர் ஒட்டாது.

முங்குவதற்கு முன் சேந்தன் தன் கையால் வெற்றிலை பாக்கு தர வேண்டும். அதுதான் வழக்கம். போன மழைக்கு அவன் வேலையாளிடம் கொடுத்தனுப்பிவிட்டான். நீர்க்காகம் முங்கி மதகைத் திறந்தது. ஆனால் மனத்தாங்கல் ஆறவே இல்லை. ரோஷக்காரப் பறவை, என்ன செய்வது!

அந்த ஐப்பசியில் மூன்று நாள் விடாமல் மழை அடித்தது. கரையின் விளிம்புவரை தண்ணீர் ஏறிவிட்டது. நாணலுக்குள் குஞ்சுகளோடு இருந்த நாமக்கோழி பதறிக்கொண்டு வந்தது.

"அண்ணே, கரை கசியுது. சட்டுனு முங்கி மதகத் தெறந்துவிடுங்க!"

"வெத்தல வரட்டும்."

"அத அப்புறமா வாங்கிக்கக் கூடாதா?"

"அவரு கையால தரணும். நான் என்ன வேண்டாத ஆளா?"

உள்ளுக்குள் அதற்கும் பயம்தான். ஆனாலும் இறங்கிப்போக மனம் வரவில்லை.

சற்று நேரத்தில் ஓலைக்குடையைப் பிடித்துக்கொண்டு சேந்தனே கரைமேல் வந்தான். இன்னொரு கையில் வெற்றிலைத் தட்டு.

"வந்துட்டேன்டா, கோவிச்சுக்காத! போன தடவ காய்ச்சல்ல எந்திரிக்க முடியலடா..." என்று தூரத்திலிருந்தே கத்தினான்.

நீர்க்காகத்துக்கு நெஞ்சு சுருக்கென்றது. எதிரே போகலாம் என்று சிறகை விரித்தது. அதற்குள் சேந்தனின் காலடியில் கரை உடைந்தது.

ஏரி கோட்டைக்குள் புகுந்தது. மண்சுவர்கள் கரைந்து சரிந்தன. ஊரார் மேட்டுக்கு ஓடித் தப்பித்தார்கள். சேந்தனை மட்டும் காணவில்லை. ஒரு வெற்றிலை மிதந்து நீர்க்காகத்தின் பக்கமாக வந்தது.

அது முங்கியது. எழுந்து மறுபடி முங்கியது. ஏழு நாள் தேடியதில் சிறகின் எண்ணெயெல்லாம் கழுவிக்கொண்டு போய்விட்டது. ஈரம் பாரமாக இழுக்கவே, மிச்சமிருந்த கோட்டைச் சுவரில் ஏறிச் சிறகை விரித்து நின்றது.

"போதும் அண்ணே," என்று அழுதது நாமக்கோழி.

"றெக்க காயட்டும். இன்னொரு தடவ பாத்துட்டு வந்துடுறேன்."

அன்று முதல்தான் நீர்க்காகம் யாரும் கேட்காமலே முங்குகிறது. இடிந்த கோட்டைச் சுவரில் சிறகை விரித்துக் காயவைக்கிறது. காய்ந்ததும் மறுபடி தண்ணீருக்குள் போகிறது.