மடைப்பள்ளிக்கு வந்த ராஜா

ஒரு காலத்திலே, ஆறு போய்க் கடலைத் தொடுகிற இடத்தில் புன்னைநாடு என்று ஒரு நாடு இருந்தது. அதை மாறவேல் என்கிற ராஜா ஆண்டுவந்தான். நல்லவன்தான், ஆனால் காலையில் ஒரு உத்தரவு போடுவான், மாலையில் அதற்கு நேர்மாறாக இன்னொன்று போடுவான். மலைநாட்டுத் தலைவரின் மகள் காந்தளை அவன் கட்டிக்கொண்டு வந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது.

ஐப்பசி பிறந்தது. மழை பிடித்துக்கொண்டது. காந்தளுக்கு ஊர் நினைப்பும் பிடித்துக்கொண்டது. மேகம் மூடிய மேற்குப் பக்கத்தையே பார்த்துக்கொண்டு சாளரத்தில் நிற்பாள். வெள்ளித் தட்டில் பதினாறு வகை வரும். ராஜா ஒரு கூடத்தில், ராணி ஒரு கூடத்தில் என்று தனித்தனியாகச் சாப்பிடுவதுதான் அந்த அரண்மனை வழக்கம். அவள் தட்டு வந்தபடியே திரும்பிப் போகும்.

விருந்து அதிகாரி வல்லபராயருக்கு அமைச்சர் தேவநம்பியைக் கண்டாலே ஆகாது. இந்தக் கல்யாணத்தைப் பேசி முடித்தவர் தேவநம்பி. இதுதான் சமயம் என்று ராயர் சபையில் எழுந்தார்.

"மகாராஜா, சொல்ல நாக் கூசுகிறது. நம் நாட்டுச் சோறு ராணியாருக்கு இளக்காரமாகப் போய்விட்டது."

ராஜாவுக்குச் சுருக்கென்றது. "அப்படியா? இனிமேல் வேற்று நாட்டுத் தானியம் ஒரு மணிகூட இந்த அரண்மனைக்குள் வரக்கூடாது! தேவநம்பி, பெண் பேசியவர் நீர்தானே? நாளைக்கு ராணி வயிறாரச் சாப்பிட வேண்டும். இல்லையென்றால் முத்திரை மோதிரத்தைக் கழற்றி ராயரிடம் கொடுத்துவிட்டுப் போம்!"

"ஆகட்டும் மகாராஜா. ஆனால் நான் செய்யப்போவது அடுப்பை விட்டுத் தூரம் போனால் ருசி கெட்டுவிடும். தாங்களும் ராணியாரும் மடைப்பள்ளிக்கே எழுந்தருள வேண்டும்."

"மடைப்பள்ளிக்கா? நானா?" ராஜா மீசையைத் தடவினான். "சரி, அதையும் பார்த்துவிடுவோம்."

தேவநம்பி நேராகக் காந்தளிடம் போனார். "தாயே, எதைத் தின்ன ஆசை?"

"சொன்னால் மட்டும் வந்துவிடுமா ஐயா?" என்றாள் அவள். "தினையும் கவலைக்கிழங்கும் ஒரே பானையில் வேகும். அம்மா மிளகைத் தட்டிப் போடுவாள். அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து ஊதி ஊதித் தின்போம். மழை நாளில் எங்கள் ஊரில் யாரும் தனியாகச் சாப்பிடுவதில்லை."

அமைச்சர் அங்கிருந்து சந்தைக்குப் போனார்.

மறுநாள் வெளியே அடைமழை. மடைப்பள்ளியில் ராஜாவும் ராணியும் பலகை போட்டு உட்கார்ந்தார்கள். பானையில் புன்னைநாட்டுப் பச்சரிசியும் பாசிப்பயறும் குழைந்து வெந்துகொண்டிருந்தன. ராயர் அகப்பையை விட்டுத் துழாவினார்.

"மகாராஜா! தினை! மலைத் தினை! கிழங்குகூட அந்த ஊர்க் கிழங்கு! உத்தரவை மீறிவிட்டார்!"

தேவநம்பி கைகட்டி நின்றார். "மகாராஜா, மணவறையில் ராணியாரின் கையைப் பிடித்து என்ன சொன்னீர்கள்?"

"இன்று முதல் உன் நாடு என் நாடு என்றேன்."

"மலைநாடு வேற்று நாடு என்கிறார் ராயர். தங்கள் வாக்குப் பொய் என்று சொல்லும் துணிச்சல் எனக்கில்லை. அவருக்கு இருக்கிறது போலும்."

ராஜா சிரித்துவிட்டான். "ராயரே, அகப்பையைக் கீழே வையும்."

இலையில் நெய் விட்டுப் பரிமாறினார்கள். காந்தள் ஒரு வாய் எடுத்தாள். மெல்லத் தலையசைத்தாள்.

"இது எங்கள் ஊர்ச் சோறு இல்லை."

ராயர் முகத்தில் மறுபடி வெளிச்சம். அதற்குள் ராஜாவும் ஒரு வாய் போட்டான். சுட்டது; ஊதினான். அப்புறம் கை அப்படியே நின்றுவிட்டது.

"இந்தக் குழைவு... நான் காய்ச்சலில் கிடந்தபோது என் தாய் ஊட்டியது. அவள் போன பிறகு யாரும் எனக்கு இப்படிச் செய்து தரவில்லை. ராஜாவுக்குக் குழைந்த சோறு போடலாமா என்று விட்டுவிட்டார்கள்."

காந்தள் அவனையே பார்த்தாள். வீட்டை இழந்து நிற்பது தான் ஒருத்திதான் என்றல்லவா இத்தனை நாளும் நினைத்திருந்தாள்! தன் இலையிலிருந்து ஒரு கிழங்குத் துண்டை எடுத்து அவன் இலையில் வைத்தாள். "இதை ஊதிச் சாப்பிடுங்கள். எங்கள் ஊர்க் கிழங்கு."

பானை காலியாயிற்று.

"தேவநம்பி, என்ன வேண்டும், கேளும்!"

"ராணியார் தாயைப் பார்த்து மூன்று வருஷம் ஆகிறது மகாராஜா."

ராஜா அவள் பக்கம் திரும்பவில்லை. "அனுப்பினால் திரும்பி வருவாளா?" என்று அமைச்சரிடம் மெதுவாகக் கேட்டான்.

"பக்கத்தில்தானே இருக்கிறார்? நீங்களே கேளுங்கள். இதற்குமா ஒரு அமைச்சர்?"

"மழை விட்டதும் திரும்பி வருவேன்" என்றாள் காந்தள்.

ராயர் நழுவப் பார்த்தார். ராஜா விடவில்லை. "சபையில் என் காதில் ஊதிய வாய், இந்த மழைக்காலம் முழுக்க அடுப்பை ஊதட்டும்!"

பல்லக்கு மலையேறியது. அம்மாவின் அடுப்படியில் தினை, கிழங்கு, மிளகு எல்லாம் அப்படியே இருந்தன. முதல் வாயிலேயே காந்தளுக்குக் கண் கலங்கிவிட்டது. இரண்டாவது வாய்க்குக் கை எழவில்லை. கீழே மழையில் மறைந்துகிடந்த சமவெளியைப் பார்த்தாள்.

"என்னடி, உப்புக் குறைச்சலா?" என்றாள் தாய்.

"இல்லம்மா. இந்நேரம் அவர் யாரோடு சாப்பிடுகிறாரோ."