முழங்கால் உசரத் தேவதாரு

ஒரு ஊர்ல ஒரு ராஜா இருந்தாராம். ஊருன்னா நம்ம பக்கத்து ஊரு இல்ல, வடக்க, ரொம்ப வடக்க, பனி விழற மலைக்குக் கீழ. ராஜா பேரு அழகேந்திரன். நல்ல மனுஷன்தான், ஆனா குள்ளம். சிம்மாசனத்துல உக்காந்தா கால் தரையில எட்டாது, அதுக்கு ஒரு பலகை போட்டு, பலகை மேல ஒரு மெத்தை போட்டு, அப்புறம்தான் கால் படும். சிரிக்காத தவமணி, நீ என்னமோ ரொம்ப வளர்ந்துட்ட மாதிரி.

யாரும் அவரைக் குள்ளம்னு சொன்னதில்ல. அவரேதான் சொல்லிச் சொல்லி மனசுக்குள்ள புழுங்கிக்கிட்டு இருந்தாரு. இது அந்த அமைச்சனுக்குத் தெரியும். அமைச்சன் பேரு உத்தண்டராயன். ஆளு நெட்டை, அதுக்கு மேல ஒரு முழத்துக்குத் தலைப்பாகை. தலைப்பாகை சரிஞ்சுடும்னு யாருக்கும் குனிய மாட்டான், ராஜாவுக்குக்கூடக் கண்ணை மட்டும் தாழ்த்துவான். இன்னொரு குணமும் உண்டு அவனுக்கு. யாரையும் எதையும் கேக்க மாட்டான். வழி தெரியலையா, கேக்க மாட்டான், சுத்திச் சுத்தி வருவான். கேட்டுட்டா தனக்குத் தெரியாதுன்னு ஆயிடுமாம், அப்படி ஒரு வீம்பு.

இந்த உத்தண்டராயன் புதுசா ஒரு மாளிகை கட்ட ஆரம்பிச்சான். கதவு, தூணு, உத்தரம் எல்லாம் தேவதாரு மரத்துல இருக்கணும்னு ஆசை. தேவதாருன்னா சாமானியமா? கரையான் அண்டாது, வீடெல்லாம் வாசனை அடிக்கும். மலைச்சரிவுல அறுபது தேவதாரு வானத்தை முட்டிக்கிட்டு நின்னுச்சு. அரண்மனை மாடியில நின்னு பாத்தா ஈட்டி நட்ட மாதிரி நேரா தெரியும். ஆனா அதெல்லாம் ஊர் மரம், சும்மா வெட்ட முடியாது. என்ன பண்ணினான், ராஜாவை மாடிக்குக் கூட்டிக்கிட்டுப் போயி மலையைக் காட்டினான்.

"மகாராஜா, ஊர்ல எல்லாரும் உங்களைக் கும்பிடறாங்க. அந்த மரங்களைப் பாருங்க, உங்களை மேல இருந்து பாக்கற மாதிரி விறைப்பா நிக்குது. ஜனங்க அதைப் பாத்து என்ன நினைப்பாங்க?"

ராஜாவுக்கு எங்க வலிக்குமோ அங்க கை வச்சுட்டான். பாவம் அவரு, உடனே ஓலை எழுதச் சொல்லிட்டாரு. 'என் நாட்டில் எனக்குத் தலை வணங்காத மரம் எதுவாக இருந்தாலும் வெட்டப்பட வேண்டியது.' முத்திரையும் விழுந்துச்சு.

அந்த மலைச்சரிவுல சடைச்சின்னு ஒருத்தி இருந்தா. வயசு அம்பத்தாறு. அந்த மரங்கதான் அவளுக்குச் சொந்தபந்தம் எல்லாம். அவ ஆத்தா நட்ட மரம் இருபது, அவ நட்டது நாப்பது. நெத்துல விதை எடுத்து, பனியில ஒரு மாசம் கெடக்கவிட்டு, முளைக்கவச்சு, குழந்தை மாதிரி வளத்தது. கொத்துக்கொத்தா நீலப்பச்சையில ஊசி இலை, அடுக்கடுக்கா கிளை, கிளை மேல முட்டையை நிறுத்தி வச்ச மாதிரி காயி. காலையில எந்திரிச்சு அந்த மரங்களைப் பாக்கலைன்னா அவளுக்குக் கஞ்சி எறங்காது.

உத்தண்டராயன் ஓலையைத் தூக்கிக்கிட்டு மலை அடிவாரத்துக்கு வந்து, பல்லக்குல இருந்தபடியே படிச்சான். சடைச்சிக்கு நெஞ்சு பதறிப் போச்சு. அப்புறம் அந்த வரியை மனசுக்குள்ள இன்னொரு தரம் சொல்லிப் பாத்தா. பதட்டம் கொஞ்சம் நின்னுச்சு.

"ஐயா, இந்த மரத்தைப் பத்தி ஒரு சேதி இருக்கு. கேட்டா சொல்லுவேன்."

"உங்கிட்ட எனக்கென்ன கேள்வி?"ன்னு சொல்லிட்டுப் பல்லக்கைத் திருப்பச் சொல்லிட்டான்.

மறுநாள் இருபது பேரு கோடாலியோட ஏறி வந்தாங்க. சடைச்சி முதல் மரத்துக்கு முன்னால போய்ச் சம்மணம் போட்டு உக்காந்துட்டா.

"அண்ணே, ஓலையில என்ன எழுதியிருக்கு? ராஜாவுக்கு வணங்காத மரத்தைத்தானே வெட்டச் சொல்லியிருக்கு?"

"ஆமா தாயி."

"ராஜா வரவே இல்லையே. அவரு வந்து நிக்காம மரம் யாருக்கு வணங்கும்? உங்களுக்கா?"

கோடாலிக்காரங்க ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்துக்கிட்டாங்க. நியாயமாத்தான் பட்டுச்சு. எறங்கிப் போயி ராஜாகிட்ட சொன்னாங்க. உத்தண்டராயனுக்கு ஒரே சிரிப்பு. "நல்லது, வாங்க மகாராஜா, மரம் கும்பிடற அழகைப் பாக்கலாம்"னான். போற வழியில சடைச்சி மறுபடியும் சொன்னா, "ஐயா, இப்பவும் ஒண்ணும் மோசமில்ல. கேட்டா சொல்லுவேன்." அவன் மறுபடியும், "உங்கிட்ட எனக்கென்ன கேள்வி?"ன்னான்.

ராஜா சரிவுல ஏறினாரு. மூச்சு வாங்கிச்சு. நெத்தியத் துடைச்சுக்கிட்டு அண்ணாந்து பாத்தாரு. முதல் மரம், உச்சி நுனி வளைஞ்சு, தலையைத் தாழ்த்திக்கிட்டு நின்னுச்சு. ரெண்டாவது மரம், அதோட நுனியும் வளைஞ்சு நின்னுச்சு. மூணாவது மரம், அதுவும் அப்படியே. அறுபது மரமும், புதுப்பொண்ணு பெரியவங்க முன்னாடி நிக்கற மாதிரி தலையைக் கவுத்துக்கிட்டு நிக்குது.

என்ன தவமணி, மரம் எங்கயாவது கும்பிடுமான்னு கேக்கறியா? கதைக்காகச் சொல்லல. தேவதாருவுக்கு நெசமாவே அப்படித்தான். வளர்ற நுனி பிஞ்சா இருக்கும், எப்பவும் கவுந்துதான் இருக்கும். கிட்டப் போயிப் பாத்தவங்களுக்குத் தெரியும். தூரத்துல மாடியில நின்னு பாத்தவனுக்கு எங்க தெரியப் போகுது.

உத்தண்டராயன் மூஞ்சி செத்துப் போச்சு. "இருங்க மகாராஜா, வணங்காத மரம் ஒண்ணாவது இருக்கும், நான் கண்டுபிடிச்சுட்டு வரேன்"னு சொல்லிட்டுக் காட்டுக்குள்ள ஓடினான். தலைப்பாகை கிளையில மாட்டுது, எடுத்து வச்சுக்கிட்டு ஓடறான், மறுபடியும் மாட்டுது, மறுபடியும் ஓடறான்.

அவன் ஓடட்டும். ராஜா களைப்பா சடைச்சி வீட்டு முத்தத்துல உக்காந்தாரு. பக்கத்துல ஒரு பாறை. பாறை மேல பாயை விரிச்ச மாதிரி ஒரு செடி படர்ந்து கெடந்துச்சு.

"இது என்ன தாயி?"

"இதுவும் தேவதாருதான் மகாராஜா. இது குட்டை சாதி, எந்திரிச்சு நிக்கவே நிக்காது. படுத்துக்கிட்டே வளரும்."

"அப்ப இது எனக்குச் சாஷ்டாங்கமா விழுந்துடுச்சு"ன்னு ராஜா சிரிச்சாரு. ரொம்ப நாள் கழிச்சு அன்னிக்குத்தான் சிரிச்சாராம்.

அப்புறம் இன்னொண்ணு கண்ணுல பட்டுச்சு. நாலு விரல் ஆழத்துக்கு ஒரு மண்தட்டு. அதுல ஒரு தேவதாரு, முழங்கால் உசரம். அடிமரம் கை அளவு தடிமனா, பட்டை வெடிச்சு, கிளையெல்லாம் அடுக்கா, பெரிய மரத்தைத் தூரத்துல இருந்து பாக்கற மாதிரியே இருந்துச்சு. ரெண்டு காயிகூடக் காய்ச்சிருந்துச்சு. நுனி மட்டும் கொஞ்சமா கவுந்திருந்துச்சு.

"இதுவும் குட்டை சாதியா?"

"இல்ல மகாராஜா. இது பெரிய சாதி. இதோ வாசல்ல வானத்துக்கு நிக்குதே, ரெண்டும் ஒரே காயில இருந்து விழுந்த விதை. அது மண்ணுல விழுந்துச்சு, இது பாறை இடுக்குல விழுந்துச்சு. எங்க ஆத்தா எடுத்துத் தட்டுல வச்சா. மூணு வருஷத்துக்கு ஒருதரம் வேரைக் கொஞ்சம் வெட்டி, கொழுந்தைக் கிள்ளி, கம்பி சுத்திக் கிளையை வளைச்சு வளத்துட்டு வரோம். நான் பொறந்த வருஷம் முளைச்சது. எனக்கும் அதுக்கும் ஒரே வயசு."

"அம்பத்தாறு வயசா? இத்தனூண்டு மரத்துக்கா?"

"உசரம் குறைஞ்சதால மரம் குறைஞ்சு போயிடுமா மகாராஜா? வேர் இருக்கு, பட்டை இருக்கு, காயும் காய்க்குது. இதுகிட்ட இல்லாதது எதுவும் அந்தப் பெரிய மரத்துகிட்ட இல்ல. ஊர்ல இருந்து ஆளுங்க இந்தச் சின்னதைப் பாக்கத்தான் ஏறி வராங்க."

ராஜா அந்தத் தட்டுக்கு முன்னாடி குத்துக்கால் வச்சு உக்காந்து ரொம்ப நேரம் பாத்துக்கிட்டே இருந்தாரு. கண்ணு கலங்கிப் போச்சு அவருக்கு. இத்தனை வருஷமா மனசுல இருந்த புழுக்கம் அன்னிக்குப் போச்சு.

அந்த நேரம் உத்தண்டராயன் ஓடி வரான். மேலெல்லாம் ஊசி இலை, தலைப்பாகை பாதி அவிழ்ந்து தொங்குது.

"கண்டுபிடிச்சுட்டேன் மகாராஜா. ஒரு மரம் தலை வணங்காம விறைப்பா நிக்குது."

எல்லாரும் போயிப் பாத்தாங்க. இடி விழுந்து உச்சி ஒடிஞ்ச பட்ட மரம்.

ராஜா சொன்னாரு, "இது செத்ததப்பா. உசுரோட இருக்கறது எல்லாம் குனிஞ்சு நிக்குது, செத்தது மட்டும்தான் நிமிர்ந்து நிக்குது." சொல்லிட்டு உத்தண்டராயனை ஏற இறங்கப் பாத்தாரு.

சடைச்சி அப்பத்தான் வாயைத் திறந்தா. "மகாராஜா, ஓலையில 'எதுவாக இருந்தாலும்'னு எழுதியிருக்கே. ஐயாவோட கமுகந்தோப்பு அடிவாரத்துல இருக்கு. கமுகு வணங்காதே, கோல் மாதிரி நிக்குமே. அதுக்கு என்ன பண்றது?"

ஆயிரம் கமுகு, அவன் அப்பன் வச்ச தோப்பு. உத்தண்டராயன் தடால்னு ராஜா கால்ல விழுந்தான். அவன் பொறந்ததுல இருந்து குனிஞ்சது அன்னிக்குத்தான். தலைப்பாகை உருண்டு சரிவுல போயே போச்சு.

"மகாராஜா, கமுகு என்ன பாவம் பண்ணுச்சு? அது குணமே அப்படி."

"அப்ப தேவதாரு என்ன பாவம் பண்ணுச்சு?"

ராஜா ஓலையை வாங்கிக் கிழிச்சுப் போட்டாரு. கமுகும் பொழச்சுது, தேவதாருவும் பொழச்சுது. மரத்து மேல யாருக்குக் கோவம்?

"உத்தண்டராயா, உனக்கு இனிமே அமைச்சு வேலை இல்ல. இந்த மலையில ஒரு தேவதாருவை எடுத்து நீ கவனிக்கணும். அது உன் உசரம் வளர்ற அன்னிக்கு இறங்கி வா, வேலையத் திருப்பித் தரேன். எந்த மரம்னு நீயே எடுத்துக்க."

சடைச்சி ரெண்டைக் கொண்டுவந்து வச்சா. ஒண்ணு விரல் உசர நாத்து, போன மாசம் முளைச்சது. இன்னொண்ணு தட்டுல இருந்த முழங்கால் உசர மரம்.

"ஐயா, எதை எடுக்கறதுன்னு தெரியணுமா? கேட்டா சொல்லுவேன்."

இப்பவாவது கேட்டானா? கேக்கல. மனசுக்குள்ள ஒரு யோசனை போட்டான். நாத்து விரல் உசரம், இது முழங்கால் உசரம், இன்னும் ரெண்டு வருஷத்துல தலைக்கு வந்துடும், நம்மள யாரு ஏமாத்த முடியும்னு. "உங்கிட்ட எனக்கென்ன கேள்வி?"ன்னு சொல்லிட்டுத் தட்டைத் தூக்கி இடுப்புல வச்சுக்கிட்டான். ராஜா பக்குனு வந்த சிரிப்பை இருமலா மாத்திக்கிட்டாரு. சடைச்சி வீட்டுப் பக்கத்துலயே அவனுக்கு ஒரு குடிசை போட்டுக் கொடுத்தாங்க. விரல் உசர நாத்தைச் சடைச்சி அந்தக் குடிசை வாசல்லயே மண்ணுல ஊனிவச்சா.

அப்புறம் அவன் பட்ட பாடு இருக்கே. சீக்கிரம் வளரட்டும்னு வீட்டுக்குள்ள கொண்டுபோயி பட்டுத்துணி போத்தி வச்சான். இலையெல்லாம் மஞ்சளாகிக் கொட்டுச்சு. சடைச்சி வந்து, "அதுக்கு வெயிலும் காத்தும் வேணும்"னு வெளிய எடுத்து வச்சா. தினம் பத்துத் தடவை தண்ணி ஊத்தினான். வேர் அழுகற மாதிரி ஆச்சு. "மேல்மண்ணு காஞ்சா மட்டும் ஊத்துங்க"ன்னா. கம்பியைக் கழட்ட மறந்து கிளையில தழும்பு விழுந்துச்சு. அதையும் அவளே சரிபண்ணினா. வருஷா வருஷம் வந்து கொழுந்தைக் கிள்ளிட்டுப் போனா, அதையும் ஏன்னு அவன் கேக்கல. தினமும் கயிறை வச்சு அளப்பான். கயிறுல போட்ட முடிச்சு அதே முழங்காலுக்குத்தான் நிக்கும்.

ஒரு வருஷம் போச்சு, ரெண்டு வருஷம் போச்சு, ஏழு வருஷம் போச்சு. குனிஞ்சு தண்ணி ஊத்தி, குனிஞ்சு களை எடுத்து, முதுகு நல்லா வளையப் பழகிடுச்சு. ஏழாம் வருஷம் ஒருநாள் தட்டுக்கு முன்னாடி உக்காந்துக்கிட்டு, தலைப்பாகை இல்லாத தலையைச் சொறிஞ்சுக்கிட்டே, அவன் ஆயுசுல முதல் தடவையா ஒருத்தரைக் கேட்டான்.

"சடைச்சி, இந்த மரம் எப்பத்தான் வளரும்?"

"வளராது ஐயா. இதுக்கு அறுபத்து மூணு வயசு. சின்னதா இருக்கணும்னே வளத்தது."

"முன்னாடியே சொல்றதுக்கென்ன?"

"கேட்டா சொல்லுவேன்னு மூணு தரம் சொன்னேனே."

உத்தண்டராயன் பெருமூச்சு விட்டு எந்திரிச்சான். எந்திரிக்கும்போது எதுவோ நெத்தியில மெத்துன்னு இடிச்சுது. அண்ணாந்து பாத்தான். அன்னிக்கு அவன் வேண்டாம்னு விட்ட விரல் உசர நாத்துதான். அவன் தலைக்கு மேல ஒரு முழம் வளர்ந்து நின்னு, நுனியை வளைச்சு அவனைக் குனிஞ்சு பாத்துக்கிட்டு இருந்துச்சு.

அவனும் அதுக்குத் தலையைக் குனிஞ்சான். அப்புறம் சொம்பை எடுத்துக்கிட்டுத் தண்ணி மொள்ளப் போயிட்டான்.

அவ்வளவுதான். வளர்றது எதுவா இருந்தாலும் தலை குனிஞ்சுதான் வளரும், தெரியாததை வாயைத் திறந்து கேட்டுக்கணும். அவன் அங்க தண்ணி ஊத்தறான், ராஜா அரண்மனையில அந்தப் பலகையைத் தூக்கிப் போட்டுட்டுக் காலை ஆட்டிக்கிட்டு உக்காந்திருக்காரு, எனக்கும் தொண்டை வறண்டு போச்சு. தவமணி, போயி ஒரு சொம்புத் தண்ணி கொண்டாடி.