எலிக்குச் சுட்டி என்று பெயர் வந்த நாள்

அந்தக் காலத்தில், ஐப்பசித் திங்கள் ஒன்பதாம் நாள், வியாழக்கிழமை, விடிந்து மூன்று நாழிகை ஆகியிருந்தது. ஆண்டை எண்ணும் வழக்கம் அப்போது தொடங்கவில்லை. ஆகவே ஆண்டைக் கேட்காதீர்கள். மூன்று நாள் விடாமல் பெய்த அடைமழை அன்று காலைதான் தூறலாக இளைத்திருந்தது. வானம் சாம்பல் நிறம். வடகிழக்கிலிருந்து காற்று வீச, ஏரி நீர் கரையின் விளிம்பைத் தொட்டுத் தொட்டு மீண்டது.

விலங்கும் பறவையும் பேசிய காலம் அது. அவை நன்றாகவே பேசின; ஆனால் அவற்றின் பேச்சில் ஒரு குறை இருந்தது. எல்லாவற்றுக்கும் பெயர் இருந்தது; சுட்டுச்சொல் இல்லை. 'அது', 'இது', 'அங்கே', 'இங்கே' ஒன்றுமே கிடையாது. இந்தக் கதையைச் சொல்கிற வாய்க்கு அவை உண்டு. கதைக்குள் பேசிய வாய்களுக்கு இல்லை. ஒரு குரங்கு தன் தம்பியிடம் பழம் கேட்க வேண்டுமானால், "நாவல் மரத்தின் கீழைக் கிளையில் காக்கைக் கூட்டுக்கு மேலே வலப்பக்கக் காம்பில் தொங்கும் பெரிய பழத்தைப் பறி" என்று முழுவதும் சொல்ல வேண்டும். சொல்லி முடிப்பதற்குள் அணில் அந்தப் பழத்தைத் தின்று, வாயையும் துடைத்திருக்கும்.

மூக்கை நீட்டிக் காட்டிவிடலாமே என்று தோன்றும். காட்டக் கூடாது. பெயர் சொல்லாமல் மூக்காலோ வாலாலோ ஒன்றைக் காட்டுவதற்குச் சுட்டுதல் என்று பெயர், சுட்டுதல் பெருங்குற்றம். சுட்டியவர் பொழுது சாய்வதற்குள் காட்டைவிட்டு வெளியேற வேண்டும். பெயர்களைக் காத்தவரும் இந்தச் சட்டத்தைக் காத்தவரும் ஒருவரே. செங்காலர் என்னும் நாரையார், மருத மரத்தடியில் ஒற்றைக்காலில் நின்று மன்றம் நடத்துவார். ஒரு பெயரில் ஓர் எழுத்துப் பிசகினாலும் மூன்று முறை திருப்பிச் சொல்ல வைப்பார்.

நெடுவாலி என்னும் எலிக்கு ஏரிக்கரையின் அடியில் வீடு. வீட்டில் கண் திறக்காத குஞ்சுகள் ஆறு. அன்று காலை இரை தேடித் திரும்பியவள், கரையின் புறச்சரிவில், கோரைப் புல்லுக்கடியில், முந்தைய மாலை இல்லாத ஓர் ஓட்டையைக் கண்டாள். நண்டு தோண்டியிருந்தால் மண் வெளியே குவிந்திருக்கும், மண் இல்லை. புல்லின் தண்டளவு நீர் கசிந்துகொண்டிருந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே தண்டு மூங்கிலாயிற்று. வந்த நீரோ கலங்கல். தெளிந்த கசிவுக்கு அஞ்ச வேண்டியதில்லை. கலங்கல் வந்தால், கரை உள்ளுக்குள் கரைகிறது என்று பொருள்.

குஞ்சுகளை ஒவ்வொன்றாகக் கவ்வி மேட்டுக்குக் கொண்டுபோக ஆறு நடை வேண்டும். தண்ணீர் ஆறு நடை பொறுக்காது. கரை போனால் பள்ளத்தில் இருந்த காடு முழுவதும் போகும். நெடுவாலி மருத மரத்தடிக்கு ஓடினாள். அவள் ஓடிய வேகத்தில் வால் பின்னால் நேர்க்கோடாக நின்றது.

"ஐயா, கரையில் உடைப்பு. கலங்கல் நீர். பெருங்கையன் மாமா வந்து மிதித்தால் கரை பிழைக்கும்."

நாரையார் ஒரு கண்ணைத் திறந்தார். "எந்த இடம்?"

"புறச்சரிவு."

"புறச்சரிவில் நானூற்றுச் சொச்சம் வளை உண்டு. வளையின் பெயர்?"

"பிறந்து கால் நாழிகைகூட ஆகவில்லை, ஐயா. பெயர் எங்கிருந்து வரும்?"

"பெயரில்லாத பொருளைப் பற்றி மன்றம் பேசாது. பெயர் வைத்தபின் வா."

"பெயர் எப்போது வைப்பீர்கள்?"

"வளர்பிறையில் வைப்பது வழக்கம்."

மருத மரத்தின் வேரில் படுத்திருந்த உடும்பு வயிறு குலுங்கச் சிரித்தது. "நெடுவாலித் தங்கச்சி, தண்ணீரிடம் போய்ச் சொல். வளர்பிறை வரைக்கும் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளட்டும்."

"அண்ணே, உங்கள் வீடும் புறச்சரிவில்தான்."

உடும்பின் சிரிப்பு பாதியில் நின்றது.

பெருங்கையன் என்னும் யானை அதற்குள் எழுந்துவிட்டான். ஏரிக்கரையை மிதித்து உயர்த்தியதே அவனுடைய பாட்டனார்தாம். "பெயர் கிடக்கட்டும், மருமகளே. வழி சொல்."

இருவரும் கரைக்கு வந்தபோது ஓட்டை பனையின் பருமன் ஆகியிருந்தது. ஆனால் கோரை யானையின் வயிறு வரை வளர்ந்திருந்ததால், மேலிருந்து பார்த்த பெருங்கையனுக்குச் சரிவு முழுவதும் ஒரே பச்சை. நீர் புல்லுக்கடியில் பரவி ஓடியது. எங்கிருந்து வருகிறது என்பது தெரியவில்லை. அங்கே இருந்த ஒவ்வொரு வளையிலும் ஒரு குடும்பம். கால் தவறினால் ஒரு குடும்பம் மண்ணுக்குள் போகும். எலி முன்னால் ஓடி வழிகாட்டினாலோ புல்லுக்குள் அவளையே மிதித்துவிடுவான்.

அவன் துதிக்கையின் நுனியைத் தரையில் வைத்தான். "ஏறிக்கொள், மருமகளே. துதிக்கை போகும் இடத்துக்குப் பின்னால் கால் வரும். நீ நில் என்றால் நிற்பேன்."

நெடுவாலி ஏறிக்கொண்டாள். துதிக்கை புல்லின் மேலே நகர்ந்தது. அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு, சட்டப்படி, பெயர்களைச் சொல்லத் தொடங்கினாள். "உடும்பு அண்ணன் வளைக்கு மேலே, கீரிக் கொழுந்தனார் வளைக்கு இடப்பக்கம், நண்டு மதினியின் பழைய வளைக்குக் கீழே..."

"எதற்குக் கீழே?"

"தாண்டிவிட்டீர்கள், மாமா. நான்கு வளை தாண்டிவிட்டீர்கள்."

திரும்பினான். மீண்டும் பெயர், மீண்டும் தாண்டல். மூன்றாம் முறை அவள் "உடும்பு அண்ணன்" என்று சொல்லி 'வளைக்கு மேலே' என்று முடிப்பதற்குள் யானையின் கால் இறங்கத் தொடங்கியது. "என் வீடு, என் வீடு" என்று பின்னால் ஓடிவந்த உடும்பு அலறியது. "நில்லுங்கள்" என்றாள் நெடுவாலி. கால் ஒரு சாண் உயரத்தில் நின்றது.

சரிவிலிருந்து ஒரு பெரும் மண்கட்டி பெயர்ந்து உருண்டது. அதற்கும் கீழே, இரண்டு வால் தொலைவில், தன் ஆறு குஞ்சுகளும் கீச்சிடுவது அவளுக்குக் கேட்டது.

சட்டம் அவளுக்கு நினைவில் இருந்தது, நன்றாகவே இருந்தது. அவள் பின்னங்கால்களில் எழுந்து நின்றாள். மூக்கை ஓட்டையின் பக்கம் நீட்டினாள். வாய் திறந்தது, பெயர் வரவில்லை, ஓர் எழுத்து வந்தது.

"அ."

அப்படி ஒரு சொல்லைப் பெருங்கையன் அதுவரை கேட்டதில்லை. ஆயினும் அவனுக்குப் புரிந்துவிட்டது. துதிக்கை தொலைவுக்கு விரைந்தது. "அ, அ" என்றாள் அவள். பாதி வழியில் துதிக்கை தயங்கியது. தொலைவும் இல்லை, அண்மையும் இல்லை. அவள் இதழைக் குவித்தாள். "உ." துதிக்கை ஒரு முழம் சரிந்தது. கலங்கல் நீர் அவள் வயிற்றில் தெறித்தது.

"இ," என்றாள் நெடுவாலி. முன்பற்கள் இரண்டையும் சேர்த்து ஒரு சொடுக்குச் சொடுக்கினாள். டிக்.

கால் இறங்கியது. ஓட்டை அடைபட்டது, ஆனால் பக்கவாட்டில் நீர் பீறிட்டது. டிக், டிக் என்று விடாமல் இரு முறை சொடுக்கினாள். யானையின் கால் விடாமல் இரு முறை விழுந்தது. களிமண் இறுகியது. கலங்கல் மெலிந்து, கசிவாகி, ஈரமாகி, நின்றது. ஆறு கீச்சுக் குரல்கள் மட்டும் கேட்டன.

கரையின் மேல் நாரையார் வந்து இறங்கியிருந்தார். "பெருங்கையா, எலி என்ன செய்தாள்?"

"சுட்டாள், ஐயா. நானூறு வளைக்குள் ஒரே வளையைச் சுட்டாள்."

"சுட்டினாள் என்று சொல். சுட்டாள் என்றால் கிழங்கு."

"சுட்டினாள், ஐயா."

"மூன்று முறை சொல்."

பெருங்கையன் மூன்று முறை சொன்னான். நாரையார் கழுத்தை நிமிர்த்திக்கொண்டார். "நெடுவாலி, நீ செய்த உதவி பெரிது. சட்டமும் பெரிது. ஆகவே இந்த மன்றம்..."

நிறுத்திக்கொண்டார்.

உடும்பு மெல்ல இருமியது. "ஐயா, நீங்கள் 'இந்த' என்றீர்கள். எலியின் எழுத்து உங்கள் வாய்க்குள்ளும் புகுந்துவிட்டது. விட்டுவிடுவோமே, ஐயா. என் வீட்டில் ஒரு விரிசல்கூட இல்லை."

நாரையார், மடக்கி வைத்திருந்த மற்றொரு காலையும் தரையில் ஊன்றினார். அவர் இரண்டு கால்களிலும் நின்றதை அந்தக் காடு அன்றுதான் பார்த்தது.

"சட்டம் ஆளுக்கு ஏற்ப வளையாது. சுட்டியவர்கள் இருவர். இருவரும் பொழுது சாய்வதற்குள் வெளியேறுவோம். அந்த மூன்று எழுத்துகள் மட்டும் இங்கேயே இருக்கட்டும்; அவை எல்லாருக்கும் உதவும்."

"எங்கே போவது, ஐயா?" என்றாள் நெடுவாலி. "பிள்ளைகளுக்கு இன்னும் கண்கூடத் திறக்கவில்லை."

"தெற்கே மனிதர்கள் வீடு கட்டியிருக்கிறார்கள். பாவம், அவர்களுக்குப் பாதிப் பொருளின் பெயர் தெரியாது. சுட்டிக்காட்ட ஒருத்தி வேண்டும். உனக்கு ஒரு பெயரும் தருகிறேன்; வளர்பிறை வரை காத்திருக்கப் போவதில்லை. 'சுட்டு' பகுதி, 'இ' விகுதி. சுட்டி. சுட்டுபவள் என்பது பொருள்."

"விகுதி நான் சொன்ன எழுத்துத்தானே, ஐயா?"

"ஆம். அதை நீ சரியான இடத்தில் சொன்னாய்."

பெருங்கையன் துதிக்கை நுனியில் வெண்களிமண்ணைத் தொட்டு அவள் நெற்றியின் நடுவில் ஒரு பொட்டு வைத்தான். "சுட்டிக்கு ஒரு சுட்டி, மருமகளே. தொலைவிலிருந்து பார்த்தாலும் அடையாளம் தெரியும்."

அதன்பின் நடந்தவை இவை. மழை மேலும் பதினொரு நாள் பெய்தது, கரை உடையவில்லை. பெருங்கையன் ஆறு குஞ்சுகளையும் ஓர் இலையில் வைத்துக் கொண்டுபோய், முதல் வீட்டின் பரணில் இறக்கிவிட்டான். நாரையார் அன்று மாலையே பறந்து போனார். சட்டத்தைக் காக்க ஆளில்லாததால் ஒரு வாரத்துக்குள் காடு முழுவதும் 'அது', 'இது' என்று பேசியது. 'உ' மட்டும் பாதி வழியில் சொன்ன எழுத்தாதலால், பாதிப் பேருக்கு மறந்துபோயிற்று. யாழ்ப்பாணத்தார் மட்டும் 'உது' என்று அதைக் கைவிடாமல் வைத்துக்கொண்டார்கள். மனிதர்கள் நெற்றியில் அணியும் நகையையும், அடங்காமல் துள்ளும் பிள்ளையையும் சுட்டி என்றார்கள். பிற்காலத்தில் கணினித் திரையில் இடம் காட்ட ஒரு கருவி செய்தார்கள். பின்னால் நீண்ட வால், முன்னால் இரண்டு பல், நகர்த்தி நிறுத்தி ஒரு சொடுக்கு. இறுகாவிட்டால் விடாமல் இரண்டு. வேற்று மொழியார் அதன் உருவத்தைப் பார்த்து எலி என்றார்கள். தமிழில் பெயர் வைத்தவர்கள் அதன் தொழிலைப் பார்த்துச் சுட்டி என்றார்கள். இணையத்தில் ஒரு பக்கத்துக்கு வழிகாட்டும் முகவரிக்கும் அதே பெயர் பொருந்தியது.

அன்று முதல்தான் நாரை ஆண்டுதோறும் வலசை போகிறது. எலி மனிதர் வீட்டைவிட்டு நகர மறுக்கிறது. அதன் பெயரோ மேசைமேல் ஒரு கைக்கடியில் அமர்ந்து, 'அ' என்று புறப்பட்டு, 'இ' என்று சொல்லத்தக்க இடம் வந்ததும் பல்லைச் சொடுக்குகிறது.