தேதி போடாத ராஜினாமா

முடி இல்லாத ராஜா ஒருவர் இருந்தார். முடி என்றால் கிரீடத்தைச் சொல்கிறேன். தலையிலும் அவ்வளவாக இல்லை. ஆனால் அதைப் பற்றிப் பேசியவர்கள் யாரும் கட்சியில் நீடித்ததில்லை.

பெயர் தணிகாசலம். ஆளுங்கட்சித் தலைவர், பொதுச்செயலாளரும் அவரே. அவர் எதிரே நாற்காலி கிடந்தாலும் மந்திரிகள் நின்றுகொண்டுதான் பேசுவார்கள். அவருக்கு ஒரு பெருமை. மேடைக்கு மேடை சொல்லுவார்: "என் கட்சியில நான் ஒருத்தரையும் நீக்கினது கிடையாது. போனவங்க அத்தனை பேரும் தானா விலகிப் போனவங்க!"

உண்மைதான். எப்படி விலகினார்கள் என்பதுதான் கதை. பதவி வாங்குகிற அன்றைக்கே ஒரு விலகல் கடிதம் எழுதி, கையெழுத்துப் போட்டு, தேதி போடாமல், உறையில் போட்டு ஒட்டிக் கொடுத்துவிட வேண்டும். தலைவர் அதைப் பிரித்துப் பார்க்க மாட்டார். பார்த்தால் பெருந்தன்மைக்கு அழகில்லையாம். உறை இழுப்பறைக்குள் போய்விடும். ஆள் வேண்டாம் என்று தோன்றும்போது பொதுக்குழுவில் பிரித்து மைக்கில் வாசிப்பார்கள். உறை பிரிகிற நாள்தான் விலகுகிற நாள். எல்லாக் கடிதத்திலும் ஒரே காரணம்: உடல்நிலை. நோயாளிகள் இவ்வளவு பேர் சேர்ந்து ஆட்சியைப் பிடித்ததை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம்தான்.

ஆவுடைநல்லூர் மாவட்டச் செயலாளர் வீரபாகு. பசை வாளியோடு கட்சிக்குள் வந்தவர். சுவரொட்டி ஒட்டி, கொடிக்கம்பம் நட்டு, இருபத்திரண்டு வருடத்தில் அந்த நாற்காலிக்கு வந்து சேர்ந்தார். பதவி போனால் என்ன ஆகும் என்று அவருக்கு நன்றாகத் தெரியும். முந்தைய செயலாளர் டீக்கடைக்கு வந்தபோது பெஞ்சில் நகர்ந்து இடம் கொடுக்காதவர்களில் வீரபாகுவும் ஒருவர்.

அந்த நாற்காலி மேல் இணைச் செயலாளர் மணவாளனுக்கு ஒரு கண். தலைவர் ஆவுடைநல்லூர்க் கூட்டத்துக்கு வந்துபோன மறுநாளே தலைநகரில் போய் நின்றார்.

"தலைவரே, மனசு பொறுக்கல. உங்க பேச்சுக்குக் கை தட்டினாங்க."

"தட்டட்டுமேய்யா."

"வீரபாகு மைக் வேலை செய்யுதான்னு சோதிச்சான் பாருங்க, அதுக்கு அதைவிட அதிகமாத் தட்டினாங்க."

தலைவரின் முகம் மாறிவிட்டது. தன்னைவிட ஒரு கைதட்டு கூடுதலாக வாங்கியவன் அவர் கட்சியில் ஒரு வாரம் தாண்டியதில்லை.

"அவனுக்கு உடம்பு சரியில்லன்னு நினைக்கிறேன்" என்றார்.

"எனக்கும் அப்படித்தான் தோணுது தலைவரே. கடிதத்தை நானே வாசிக்கட்டுமா?"

பொதுக்குழு கூடியது. கல்யாண மண்டபம் நிறையக் கூட்டம். முன்வரிசையில் பத்திரிகைக்காரர்களும் கேமராக்களும். தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"தம்பி வீரபாகு தன் விருப்பப்படி விலகல் கடிதம் கொடுத்திருக்கார். எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். கேக்கல. அவர் மனசை நான் மதிக்கிறேன். அதில் இருக்கிற ஒவ்வொரு எழுத்தையும் ஏத்துக்கிறேன். மணவாளா, படி!"

மணவாளன் உறையைக் கிழித்தார். அவசரத்தில் கடிதத்தின் ஓரமும் சேர்ந்து கிழிந்தது. கணீரென்று ஆரம்பித்தார்.

"தலைவர் அவர்கள் என்னை மாநிலத் துணைப் பொதுச்செயலாளராக உயர்த்தியிருக்கும் காரணத்தால், மாவட்டச் செயலாளர் பொறுப்பிலிருந்து..."

அதற்கு மேல் குரல் வரவில்லை. வரத் தேவையும் இல்லை. ஆவுடைநல்லூர்க்காரர்கள் நாற்காலி மேல் ஏறிவிட்டார்கள். வெளியே யாரோ சரவெடியைக் கொளுத்திவிட்டார்கள். வீரபாகு ஓடிவந்து தலைவர் காலில் விழுந்து, கேமராக்கள் எடுத்து முடிக்கும்வரை எழுந்திருக்கவே இல்லை.

"துணைப் பொதுச்செயலாளரா? உண்மையா ஐயா?" என்று நிருபர் கேட்டார்.

தலைவர் யோசித்தார். கடிதம் பொய் என்றால் விலகலும் பொய். ஒவ்வொரு எழுத்தையும் ஏற்றுக்கொண்டதாக இப்போதுதான் சொன்னார். ஒன்பது கேமரா பதிவு செய்திருக்கிறது.

"உண்மைதான்" என்றார், பல்லைக் கடித்தபடி. "உழைப்புக்கு மரியாதை கொடுக்கிற கட்சி இது."

மணவாளனுக்கு ஆசைப்பட்ட நாற்காலி கிடைத்தது. இனிமேல் ஒவ்வொன்றுக்கும் வீரபாகுவிடம் கைகட்டி நின்று ஒப்புதல் வாங்க வேண்டும் என்பது அவருக்கு வீட்டுக்குப் போன பிறகுதான் உறைத்தது.

கூட்டம் முடிந்ததும் தலைவர் வீரபாகுவைத் தன் அறைக்கு இழுத்துக்கொண்டு போய்க் கதவைச் சாத்தினார்.

"என் தலையிலயே மிளகாய் அரைச்சுட்டியே!"

"தலைவர் மேல உள்ள நம்பிக்கையில எழுதினது. எப்படியும் உயர்த்துவீங்கன்னு தெரியும்."

"வாயை மூடு. புதுப் பதவிக்குப் புதுக் கடிதம் வேணும். என் கண் முன்னால எழுதணும். உறையெல்லாம் வேண்டாம். பதவி உயர்வுன்னு ஒரு வார்த்தை இருக்கக் கூடாது. உனக்கு மேல இனி என் நாற்காலி ஒண்ணுதான் இருக்கு, ஞாபகம் வச்சுக்க!"

"ஐயையோ, அப்படி எழுதுவேனா தலைவரே? உடல்நிலைன்னு எழுதட்டுமா?"

"உன் உடல்நிலையே வேண்டாம். அதுலயும் ஏதாவது வில்லங்கம் வைப்ப. பொய் இல்லாம, சுத்தமா, நேர்மையா எழுது."

"சரி தலைவரே. பொய்யே இருக்காது."

வீரபாகு பேனாவை எடுத்தார். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. எழுதி, கையெழுத்துப் போட்டு, பவ்யமாக இரண்டு கையாலும் நீட்டினார். தலைவர் படித்தார்.

"தலைவர் என்னை விலகச் சொன்னார். விலகுகிறேன்."

தலைவர் இன்னொரு முறை படித்தார். எழுத்துக்கு எழுத்து உண்மை. ஒரு வார்த்தையைக்கூடத் தப்பு சொல்ல முடியாது.

"யோவ், இதை நான் எப்படிய்யா வெளியில காட்டுறது? ஒருத்தரையும் நீக்கினதில்லைன்னு ஊர் பூரா சொல்லிட்டிருக்கேனே!"

"அதான் தலைவரே, எனக்கும் பயமில்லை. உண்மையைத்தான எழுதியிருக்கேன். நம்ம கட்சியில உண்மை என்னைக்கு வெளியில போயிருக்கு?"

தலைவர் முறைத்தார். முறைத்துக்கொண்டே இருந்தவருக்கு வயிறு குலுங்க ஆரம்பித்தது. சிரித்தார், இருமினார், மறுபடி சிரித்தார். உதவியாளர் எட்டிப் பார்த்து, எதற்கென்று தெரியாமலே தானும் சிரித்தார்.

தலைவர், தனக்கு அன்றைக்கு வந்து குவிந்திருந்த சால்வைகளிலிருந்து ஒன்றை உருவி வீரபாகுவின் தோளில் போர்த்தினார். மணவாளன் காலையில் கொண்டுவந்த பட்டுச் சால்வை அது.